அறுபத்து மூன்றரை கிராம் செம்பு

கால் கிலோ ரெண்டு இஞ்ச் ஆணியில் எத்தனை ஆணி இருக்கும் என்று அப்பா கேட்டார். பாகூர் ஹார்டுவேர் கடைக்காரர் செல்போனிலிருந்து தலையைத் தூக்காமலே, "எண்பது இருக்கும். ரெண்டு கூடும், ரெண்டு கொறையும்" என்றார். அவர் எண்ணவில்லை. தராசில் கொட்டினார், பொட்டலம் கட்டினார், அவ்வளவுதான். நான் பள்ளிக்கூடப் பையோடு பக்கத்தில் நின்றிருந்தேன்.

அன்றைக்கு மத்தியானம்தான் கெமிஸ்ட்ரி மிஸ் போர்டில் அந்தச் சூத்திரத்தை எழுதிப் போட்டிருந்தார். ஒரு தனிமத்தின் நிறையை அதன் அணு நிறையால் வகு, வருவதை அவகாட்ரோ எண்ணால் பெருக்கு, அதில் உள்ள அணுக்களின் எண்ணிக்கை கிடைக்கும். ரெண்டு மார்க், கண்டிப்பாக வரும் என்றார். நாம் எல்லோரும் எழுதிக்கொண்டோம். வகுப்பில் எனக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆணிக் கடையில்தான் ஆனது.

ஓர் ஆணியின் எடை தெரிந்தால் மூட்டை ஆணியை எண்ணிவிடலாம். ஓர் அணுவின் எடை தெரிந்தால் ஆணியையே எண்ணிவிடலாம். கண்ணுக்குத் தெரியாததை, கைக்குச் சிக்காததை, வெறும் தராசை வைத்து எண்ணுவது. வண்டியில் அப்பாவின் முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்து செலியமேடு வந்து சேரும்வரை எனக்கு உடம்பு சூடாகவே இருந்தது. வீட்டுக்கு வந்ததும் பொட்டலத்தைப் பிரித்துக் கொட்டி எண்ணினேன். எண்பத்து மூன்று.

நம்ம பத்தாம் வகுப்புக் கூட்டமே, இதை உங்களுக்காகத்தான் எழுதுகிறேன். உங்களில் பாதிப் பேர் வேலைக்குப் போய்விட்டீர்கள், ரெண்டு பேர் கையில் குழந்தையோடு டிபி வைத்திருக்கிறீர்கள், நான் இன்னும் படித்துக்கொண்டிருக்கிறேன், அதுவும் அதே கெமிஸ்ட்ரியை. என்னை இன்னமும் குரூப்பில் 'அலுமினியம்' என்றுதான் கூப்பிடுகிறீர்கள். அந்தப் பெயர் எப்படி வந்தது என்று உங்களுக்குத் தெரிந்த கதை ஒன்று இருக்கிறது. நடந்தது அது இல்லை.

அந்த சம்பா பருவத்தில் நான் எதைப் பார்த்தாலும் எடை போட்டேன். டிபன் பாக்ஸ் மூடி ஐம்பத்து நாலு கிராம் அலுமினியம். பன்னிரண்டு எழுதிப் பின்னால் இருபத்து மூன்று பூஜ்ஜியம் போட்டால் அத்தனை அணு. அதை மூடியின் உள்பக்கம் ஆணியால் கீறி வைத்தேன், அம்மா விளக்கும்போது பார்த்துவிட்டுத் திட்டினாள். அப்பாவின் மண்வெட்டித் தகட்டை எண்ணினேன். கோயில் மணியை எண்ண ஆசை, அது கலப்பு உலோகம், தவிர அதைக் கழற்றி எடை போட யார் விடுவார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மா எனக்குத் தலைவாரிக்கொண்டிருந்தபோது நான் வாய் ஓயாமல் அணு, அணு என்று சொல்லிக்கொண்டிருந்தேனாம். "தலையில இருக்கறத எண்ணி முடி மொதல்ல, அப்பால அத எண்ணலாம்" என்று சீப்பால் ஒன்று வைத்தாள்.

அப்போதுதான் அறிவியல் கண்காட்சி அறிவித்தார்கள். ஞாபகம் இருக்குமே, எரிமலை மூன்று குழு செய்தது, ஊசி போடும் சிரிஞ்சை வைத்து ஜேசிபி ஒரு குழு. நான் குவியல் வைக்கப்போகிறேன் என்றேன். பன்னிரண்டு கிராம் கரி, இருபத்தேழு கிராம் அலுமினியம், முப்பத்திரண்டு கிராம் கந்தகம், ஐம்பத்தாறு கிராம் இரும்பு, அறுபத்து மூன்றரை கிராம் செம்பு, இருநூற்று ஏழு கிராம் ஈயம். எடை எல்லாம் வேறு வேறு. ஆனால் ஒவ்வொரு குவியலிலும் இருக்கும் அணுக்களின் எண்ணிக்கை ஒன்றேதான். அதைப் பார்க்கிறவர்கள் அப்படியே நின்றுவிடுவார்கள் என்று நம்பினேன். மிஸ், "இதுல எதுவும் ஆடாதே, அசையாதே" என்று யோசித்தார். அப்புறம், சரி, செலவு இல்லாத ப்ராஜெக்ட் என்று விட்டுவிட்டார்.

கரி, தெருவில் துணி தேய்க்கிற வண்டிக்காரரிடம் வாங்கினேன். சுத்தமான கார்பனா என்று கேட்டதற்கு, "சுத்தமான சவுக்கு" என்றார். ஈயத்துக்குப் பனித்திட்டிலிருந்து வரும் என் பெஞ்சுக்காரி இருந்தாள். அவள் வீட்டில் வலைக்குக் கட்டும் ஈயக் குண்டு கிடக்கும். சட்டைப் பையில் ஒரு கொத்து போட்டுக்கொண்டு ஒரு பக்கமாகச் சாய்ந்து நடந்து வந்தாள். கந்தகம் லேபில் இருந்தது. ஆணி வீட்டில் இருந்தது. அலுமினியம், நசுங்கிய டம்ளர் ஒன்று. பாக்கி செம்பு. அதைப் பற்றி எனக்குக் கவலையே இல்லை, எனக்குத்தான் மாமா இருந்தாரே.

மாமா என்றால் அம்மாவின் ஒரே தம்பி. பாகூர் ரோட்டில் மோட்டார் காயில் கட்டும் கடை, எரிந்த கம்பியை எடுத்துவிட்டுப் புதுச் செம்புக் கம்பி சுற்றிக் கொடுப்பார். நம்ம பக்கத்துக் கழனிகளில் எரிந்துபோகும் போர்வெல் மோட்டார் எல்லாம் அவரிடம்தான் வரும், உங்களுக்குத் தெரியும். அந்தக் கடையின் வார்னிஷ் வாசனை எனக்கு எத்தனை பிடிக்கும் என்று சொன்னால் சிரிப்பீர்கள். எரிந்த மோட்டாரைத் திறந்ததும் வரும் கருகல், மேலே அந்த வார்னிஷ், நடுவில் மாமாவின் டீ. சுற்றும் மெஷினின் கைப்பிடியை என்னிடம் கொடுத்து, முள் நூறைத் தொடும்போது நிறுத்து என்பார். நான் நூற்று ஒன்றில் நிறுத்தினால் ஒன்றைப் பிரித்துவிட்டுத்தான் அடுத்த வேலை. அவர் மடியில் உட்கார்ந்துதான் நான் காது குத்திக்கொண்டேன். குத்தும்போது நான் அவர் கையைக் கடித்த தழும்பைக் கடைக்கு வருகிறவர்களுக்கெல்லாம் காட்டுவார், "எங்க அக்கா மக போட்ட முத்திரை" என்று.

செம்பு வேண்டும், சுத்தமாக இருக்க வேண்டும், கண்காட்சிக்கு என்று சொன்னேன். என்னவென்று முழுக்கக் கேட்டுக்கொண்டார். அணு எண்ணுகிற கதையை அந்த ஊரில் முழுக்கக் கேட்ட ஒரே பெரியவர் அவர்தான். "மாமன் குடுக்கறது சுத்தமா இல்லாம இருக்குமாடி" என்று சொல்லிவிட்டு, மேல் தட்டில் இருந்த ஒரு ரீலை இறக்கிப் பளபளவென்று ஒரு கை நிறையச் சுற்றிக் கொடுத்தார். மாம்பழச் சிவப்பு. வெயிலில் பிடித்துப் பார்த்துக்கொண்டே பஸ் ஏறினேன்.

லேபில் நிறுத்தபோது விநோதமாக இருந்தது. அறுபத்து மூன்றரை கிராம் சேர வேண்டுமானால் கம்பி வந்துகொண்டே இருந்தது. ஒருவழியாகத் தராசு நேரானபோது தட்டு நிறைந்து வழிந்தது. "இன்னாடி இது, காக்கா கூடு கட்டியிருக்கற" என்றாள் பனித்திட்டுக்காரி. கம்பி சுருண்டிருப்பதால் அப்படித் தெரிகிறது என்று சொன்னேன். சந்தேகம் தீர வேண்டுமே என்று, ஐம்பது மில்லி தண்ணீர் ஊற்றிய அளவு ஜாடியில் முதலில் இரும்பைப் போட்டேன். ஐம்பத்தேழுக்கு ஏறியது. புத்தகத்தில் இருக்கும் அடர்த்தியை வைத்துக் கணக்குப் போட்டால் செம்பும் அதே ஏழு மில்லிதான் ஏற்ற வேண்டும். இரும்பும் செம்பும் ஒரே எண்ணிக்கைக்கு ஏறக்குறைய ஒரே இடத்தை அடைக்கும், எவ்வளவு அழகான விஷயம் அது. இரும்பை எடுத்துவிட்டு, தண்ணீரை மறுபடி ஐம்பதுக்குக் கொண்டுவந்து, கம்பியைத் துண்டு துண்டாக வெட்டிப் போட்டேன். தண்ணீர் எழுபத்து நாலில் போய் நின்றது.

நான் என்னென்ன சந்தேகப்பட்டேன் என்று கேளுங்கள். அளவு ஜாடியைச் சந்தேகப்பட்டேன். எடைக்கல்லைச் சந்தேகப்பட்டேன். புத்தகத்தில் அச்சுப்பிழை என்று நினைத்து லைப்ரரியில் வேறு புத்தகம் பார்த்தேன். செம்புக் கம்பியைத் தொழிற்சாலையில் இழுக்கும்போது அணுக்கள் விலகிப்போகுமோ என்று ஒரு தத்துவம்கூட உண்டாக்கினேன். பிளேடால் ஒரு சுரண்டு சுரண்டிப் பார்த்திருந்தால் போதும். தோன்றவே இல்லை. தாய்மாமன் கொடுத்ததை நம்ம ஊரில் யார் சுரண்டிப் பார்ப்பார்கள்?

மிஸ்ஸிடம் காட்டினேன். அவர் குவியலைப் பார்த்தார், இரும்பைப் பார்த்தார். "செம்புல கொஞ்சம் எடுத்துடு, பாக்க சமமா இருக்கட்டும்" என்றார். எடையைக் குறைத்தால் எண்ணிக்கை பொய்யாகிவிடும் மிஸ் என்று நான் அரை மணி நேரம் வாதாடினேன். ஒரு கிராம்கூடக் குறைக்கவில்லை. கீழே வெள்ளை அட்டையில் சிவப்பு ஸ்கெட்ச்சால் 6.023 × 10²³ என்று எழுதி வைத்தேன்.

அதே வாரம் எங்கள் கழனி மோட்டார் எரிந்தது. ரெண்டு மாதத்துக்கு முன்னால் மாமா கட்டிக் கொடுத்ததுதான். நாற்றங்காலில் நாற்று நடவுக்கு ரெடியாக நின்றது, மழை வரவில்லை, தண்ணீர் இல்லாமல் சேறு அடிக்க முடியாது. எங்களுடையது மட்டும் இல்லை, அந்தப் பருவத்தில் அப்படி நாலைந்து மோட்டார். லோ வோல்டேஜ், கரண்ட் ஆபீசைத்தான் கேட்க வேண்டும் என்றார் மாமா. அப்பாவும் மற்றவர்களும் போய்க் கேட்டுவிட்டும் வந்தார்கள்.

கண்காட்சி அன்று நடுவராக வந்தவர் டவுன் காலேஜ்காரர். ஜேசிபி ஆடியது, அசைந்தது, எல்லோரும் அங்கே இருந்தீர்கள். என் மேஜைக்கு அவர் வந்ததும் நீங்களும் பின்னாலேயே வந்தீர்கள். நான் மூச்சு விடாமல் விளக்கினேன். அவருக்குப் பிடித்திருந்தது, முகத்தில் தெரிந்தது. செம்பிடம் வந்ததும் நின்றார். இது ஏன் இவ்வளவு பெரிசு என்று கேட்டார். எனக்கும் தெரியவில்லை சார், ஆனா எடை சரி என்றேன். இது செம்பு இல்லையோ என்றார். "செம்புதான் சார். எங்க மாமா குடுத்தாரு" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை, அது எனக்கு இன்றைக்கும் ஞாபகம் இருக்கிறது. பைக் சாவியை எடுத்து ஒரு துண்டைச் சுரண்டினார். மாம்பழச் சிவப்பு உரிந்தது, உள்ளே வெள்ளை. "அலுமினியம்மா. மேல பூசியிருக்கிற வார்னிஷ்தான் செம்புக் கலர்" என்று மெதுவாகச் சொன்னார். அப்புறம் கேட்டார், அப்படியானால் இந்தக் குவியலில் எத்தனை அணு இருக்கும், சொல்லு பார்ப்போம்?

அறுபத்து மூன்றரையை இருபத்தேழால் வகுத்தேன். ரெண்டேகால் மடங்குக்கும் மேல். நான் எழுதி வைத்திருந்த எண்ணைவிட அதில் அணு அதிகமாகத்தான் இருந்தது. மாமா எனக்குக் குறைத்துக் கொடுக்கவில்லை, கூடத்தான் கொடுத்திருந்தார். வேறு எதையோ. விடையைச் சரியாகச் சொன்னேன். சொல்லி முடிக்கும்போது கூட்டத்தில் ஒருத்தன், "எங்க வூட்டு மோட்டாரும் உங்க மாமாதான கட்டினாரு" என்றான். அவன் கேலியாகச் சொல்லவில்லை. செம்புக்குப் பதில் அலுமினியத்தில் கட்டின மோட்டார் சீக்கிரம் எரியும் என்று கழனிக்காரப் பிள்ளைகளுக்குத் தெரியாதா.

யூனிஃபார்மோடு நேராகக் கடைக்குப் போனேன். தவறி எடுத்துக் கொடுத்துவிட்டேன் என்று சொல்வார், ரெண்டு பேரும் சிரிப்போம் என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு போனேன். சுரண்டிய துண்டை மேஜையில் வைத்தேன். அவர் அதைத் தொடவில்லை.

"இஸ்கூலுக்குத்தான. யாரு சொறண்டிப் பாக்கப் போறாங்கன்னு நெனச்சன்."

"செம்புன்னு கேட்டேனே மாமா."

"பேரு எழுதத்தான போற. செம்புன்னு எழுதிக்கோ. போ, பஸ்ஸு வந்துடும்."

மெஷின் பக்கம் திரும்பிக் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். நான் நின்றுகொண்டே இருந்தேன். அவருக்குத் தெரியும். கொடுக்கும்போதே தெரியும். என் கதையை முழுக்கக் கேட்டுவிட்டு, எந்த ரீல் என்று தேர்ந்தெடுத்து இறக்கியிருக்கிறார்.

உங்களில் யாரோ வீட்டில் சொல்லியிருக்கிறீர்கள். அது சரிதான், நானாக இருந்தாலும் சொல்லியிருப்பேன். மறுநாள் பொழுது சாயும்போது எங்கள் வாசலில் நாலு பேர் வந்து உட்கார்ந்தார்கள், உங்கள் அப்பாக்கள், பெரியப்பாக்கள். மாமாவையும் வரவழைத்தார்கள். இங்கே ஒரு விஷயம் சொல்ல வேண்டும். நம்ம பக்கத்தில் மோட்டார் கட்டக் கொடுத்தால் எரிந்த கம்பி கட்டுகிறவருக்குத்தான், யாரும் திருப்பிக் கேட்பதில்லை, கேட்டால் மரியாதைக் குறைவு. புதுக் கம்பியோ மோட்டாருக்குள் போய் மூடிவிடும். அதனால் எந்தக் கம்பியால் கட்டினார் என்று காட்ட ஒருத்தர் கையிலும் ஒரு துண்டு இல்லை. அந்தக் கடையிலிருந்து வெளியே வந்த ஒரே கம்பி என் காக்கா கூடு.

மாமா பதறவில்லை. கம்பியை நான் கொடுக்கவில்லையே, கழித்துப் போட்டிருந்த டேபிள் ஃபேன் கம்பியைப் பொண்ணு தானாக அள்ளிக்கொண்டு போயிருக்கிறது என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் பெரியவர் ஒருத்தர் அப்பாவைப் பார்த்து, "இன்னாபா, அப்பிடியா" என்று கேட்டார்.

அப்பா என்னைப் பார்த்தார். ஒருதரம்தான். "ஆமா. நானும் அன்னிக்கிக் கடையிலதான் இருந்தன். இவதான் கேக்காம அள்ளிக்கினு வந்தா" என்றார்.

அன்றைக்கு அப்பா கடையில் இல்லை. நான் மாமாவோடு பேசிக்கொண்டிருந்த அந்த நேரத்தில் அவர் வரப்பு வெட்டிக்கொண்டிருந்தார், அம்மாதான் அவருக்குக் கூழ் கொண்டுபோனாள். அம்மா கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். நான் அவளைப் பார்த்தேன். உள்ளே போய்விட்டாள். ராத்திரி சோறு போடும்போது, "ஒரே பொறந்தவன்டி எனக்கு. அவன ஊரு முன்னால நிக்க வெச்சிட்ட" என்று மட்டும் சொன்னாள்.

பிள்ளைப் பேச்சு, ஒரு வாரத்தில் மறந்துபோகும் என்று அப்பா நினைத்திருப்பார். அவர் அளவில் அது சரியான கணக்காகத்தான் இருந்தது. திங்கட்கிழமை நான் வகுப்புக்கு வந்தபோது, எடுக்கிற கம்பி இன்னதென்று தெரியாமல் ப்ராஜெக்ட் வைத்தவள் ஆகியிருந்தேன். சிலருக்குத் திருடியும்கூட. 'அலுமினியம்' என்று முதலில் கூப்பிட்டது யார் தெரியுமா? ஈயம் கொண்டுவந்து கொடுத்தாளே, அவள்தான். தண்ணீர் எழுபத்து நாலுக்கு ஏறியதை என் தோள்மேல் கை போட்டுக்கொண்டு பார்த்தவள். நீங்கள் எல்லோரும் சிரித்தீர்கள். நானும் சிரித்தேன், வேறு என்ன செய்வது.

இதுவரைக்கும் உங்களுக்குத் தெரியாதது பாதிதான். மீதி இது. அந்த வாசல் பேச்சுக்கு ரெண்டு நாள் கழித்து எங்கள் மோட்டாரை மாமா கட்டிக் கொடுத்தார். எல்லோருக்கும் முன்னால் எங்களுக்கு. அப்பா அதை வண்டியிலிருந்து இறக்கித் தோளில் வைத்தவர், ஒரு நிமிஷம் நின்றார். "இந்தத் தடவ கனமா இருக்குது" என்றார். யாரிடமும் இல்லை, தனக்குத்தானே. அப்புறம் கழனிக்கு நடந்தார். தண்ணீர் கொட்டியது, நடவு முடிந்தது, அந்த வருஷம் நல்ல விளைச்சல்.

எனக்கு அப்போது அது ஒரு சும்மா பேச்சாகத்தான் பட்டது. காலேஜில் ஒருநாள் செம்பையும் அலுமினியத்தையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுக்கும்போதுதான் கை அப்படியே நின்றது. ஒரே மோட்டாரில் ஒரே இடத்தை நிரப்பினால் செம்பு மூன்று மடங்குக்கு மேல் எடை. ரெண்டு கிலோவாவது கூடியிருக்கும். தினமும் மூட்டை தூக்குகிற தோள், அதற்குத் தெரியாமலா போகும். அதற்கப்புறம் எங்கள் மோட்டார் எரியவே இல்லை, இந்த மாசம் வரைக்கும். உங்கள் வீட்டு மோட்டார்கள் எரிந்தன. ஒருத்தன் வீட்டில் தொடர்ந்து ரெண்டு பருவம் கழனியைச் சும்மா போட்டார்கள், அவன் படிப்பை விட்டது அந்த வருஷம்தான். அவனும் குரூப்பில் இருக்கிறான்.

அப்பாவிடம் நான் இதுவரை கேட்டதில்லை. கேட்டால் என்ன சொல்வார் என்று தெரியும். நாற்று முத்திக்கொண்டிருந்தது என்பார். அது உண்மைதான். மாமா இன்னமும் விசேஷத்துக்கெல்லாம் வருகிறார், இன்னமும் கையை நீட்டித் தழும்பைக் காட்டுகிறார். நான் தண்ணீர் கொடுத்துவிட்டு உள்ளே போய்விடுவேன்.

முந்தாநாள் எங்கள் மோட்டார் புகைந்து நின்றுவிட்டது. இத்தனை வருஷம் உழைத்திருக்கிறது, போதும். அதற்குள் இருப்பது அந்த வாசல் பேச்சுக்கு அப்புறம் கட்டிய அதே காயில். அலுமினியமாக இருந்தால் நான் அப்பாவைப் பற்றி நினைத்ததெல்லாம் தப்பு, அவரும் உங்கள் அப்பாக்களைப்போல ஏமாந்தவர்தான், காலில் விழுந்துவிடுவேன். செம்பாக இருந்தால் மாமா கடையில் அன்றைக்கு ரெண்டு ரீலும் இருந்திருக்கிறது, எது யாருக்கு என்று முடிவு செய்திருக்கிறார்கள், என்னை அதற்கு விலையாக வைத்திருக்கிறார்கள். எனக்கு எது வேண்டும் என்று இப்போது கேட்காதீர்கள்.

நாளைக் காலையில் அப்பா மோட்டாரை வண்டியில் கட்டுவார். நான் சைக்கிளில் பின்னாலேயே போகப்போகிறேன். பையில் ஒரு சின்ன டிஜிட்டல் தராசும், லேபில் கேட்டு வாங்கிய அளவு ஜாடியும் வைத்திருக்கிறேன். மாமா உளி வைத்து எரிந்த காயிலை வெட்டி இழுக்கும்வரை பக்கத்தில் நிற்பேன். இழுத்ததும், அந்தக் கம்பி எங்களுக்கு வேணும், வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போகிறோம் என்று கேட்பேன். நம்ம பக்கத்தில் யாரும் கேட்டதில்லை. பதில் சொல்ல வேண்டியவர் மாமா. ஆனால் கேட்கும்போது நான் அப்பாவின் முகத்தைத்தான் பார்ப்பேன்.